கைவேலை எது, பிளானர் வேலை எது: ஒரு திருமணத்தின் கணக்கு

என் தங்கையின் திருமணப் பேச்சு தொடங்கியபோது வீட்டில் இரண்டு கட்சிகள் இருந்தன. திருமண ஏற்பாடுகளைப் பார்த்துக்கொள்ளும் பிளானரை வைத்தால் எல்லாவற்றையும் அவரிடமே ஒப்படைத்துவிட வேண்டும், அவருக்குக் கட்டணமும் கொடுத்துவிட்டு நாமும் கத்தரிக்கோலும் பசையுமாக உட்கார்ந்திருப்பதில் என்ன அர்த்தம் என்பது அப்பாவின் கட்சி. அழைப்பிதழ், மேசை அலங்காரம், நுழைவாயில் பலகை என்று எல்லாவற்றையும் நாமே செய்துகொண்டால் பிளானருக்குக் கொடுக்கும் பணமே மிச்சம் என்பது தங்கையின் கட்சி. செலவுக் கணக்கை எழுதும் பொறுப்பு மூத்தவளான என் கைக்கு வந்ததால், இரண்டு பக்கத்தையும் காகிதத்தில் போட்டுப் பார்க்கும் வாய்ப்புக் கிடைத்தது. கடைசியில் பிளானரையும் வைத்துக்கொண்டோம், கைவேலையையும் விடவில்லை. இரண்டுக்கும் நடுவே கோட்டை எங்கே போடுவது என்பதுதான் உண்மையான கேள்வி. அந்தக் கோடு திறமையைப் பார்த்தோ விலையைப் பார்த்தோ போட வேண்டியது அல்ல என்பதே இதில் நான் கண்டது.

முதலில் பிளானரைப் பற்றி. இந்தச் சேவை பெரும்பாலும் மூன்று அளவுகளில் கிடைக்கிறது. இடம் தேடுவதிலிருந்து விருந்தினரை வழியனுப்புவது வரை எல்லாவற்றையும் பார்ப்பது ஒன்று. நாமே சிலவற்றை முடிவு செய்துவிட்டு, மீதியை மட்டும் ஒப்படைப்பது இன்னொன்று. எல்லாவற்றையும் நாமே ஏற்பாடு செய்துவிட்டு, திருமண நாளன்று மட்டும் ஒருங்கிணைக்கச் சொல்வது மூன்றாவது. இந்த மூன்றாவதைப் பலர் ஒரு நாள் வேலை என்று நினைத்துக் கடைசி நேரத்தில் ஆள் தேடுகிறார்கள். யாரோடு என்ன பேசி முடித்திருக்கிறோம், யார் எத்தனை மணிக்கு வருகிறார்கள் என்பதையெல்லாம் அவர் கையில் எடுத்துச் சரிபார்க்க வேண்டும் என்பதால், அந்த வேலையும் சில வாரங்கள் முன்னதாகவே தொடங்கியாக வேண்டும். கைவேலையில் ஆர்வம் இருப்பவர்களுக்கு இரண்டாவது வகைதான் பொருந்தும் என்பது என் எண்ணம். நாங்களும் அதைத்தான் எடுத்துக்கொண்டோம்.

கட்டணம் எப்படிக் கணக்கிடப்படுகிறது என்பதை முதல் சந்திப்பிலேயே கேட்டுவிட வேண்டும். ஒரே தொகையாக, மணிக்கணக்கில், அல்லது மொத்தச் செலவில் இத்தனை விழுக்காடு என்று மூன்று முறைகள் உண்டு. விழுக்காட்டு முறையில், நாம் கைவேலையால் செலவைக் குறைக்கும்போது பிளானரின் வருமானமும் சேர்ந்து குறைகிறது. 15 விழுக்காடு பேசியிருந்தால், அலங்காரத்தில் நாம் மிச்சம் பிடிக்கும் ஒவ்வொரு 100-க்கும் அவருக்கு 15 குறைகிறது. அவர் நல்லவரா கெட்டவரா என்ற பேச்சே இதில் இல்லை. நாம் சிக்கனம் செய்வதை விரும்ப அவருக்குக் காரணம் இல்லாத ஒரு ஏற்பாடு அது, அவ்வளவுதான். அதனால் கைவேலை அதிகம் இருக்கும் திருமணத்திற்கு ஒரே தொகை பேசுவதே இருவருக்கும் நிம்மதி. கடைக்காரர்களிடமிருந்து பிளானருக்குக் கமிஷன் வருகிறதா, அவர் மூலம் கிடைக்கும் தள்ளுபடி நம் கணக்கில் சேருமா என்பதையும் கூச்சப்படாமல் கேட்கலாம். நேர்மையாகத் தொழில் செய்பவர் இந்தக் கேள்வியால் வருத்தப்படுவதில்லை. எங்கள் பிளானர் சிரித்துக்கொண்டே பதில் சொன்னார்.

அவரிடம் தங்கை தன் யோசனைகளை வரைந்து வைத்திருந்த நோட்டைக் காட்டினாள். மேசைக்கு மேசை கண்ணாடிப் புட்டியில் காகிதப் பூக்கள், கையால் எழுதிய பெயர் அட்டைகள், நுழைவாயிலில் துணித் தோரணம், மேடைக்குப் பின்னால் உயிர்ப்பூக்களால் ஒரு திரை. அவர் பக்கம் பக்கமாகப் பொறுமையாகப் பார்த்தார். எதையும் வேண்டாம் என்று சொல்லவில்லை. “இதெல்லாம் ரொம்ப அழகா இருக்கு. அன்னைக்குக் காலையில இதையெல்லாம் யார் எடுத்து வைப்பாங்க?” என்று மட்டும் கேட்டார். நோட்டில் இருந்த எதற்கும் எங்களிடம் பதில் இல்லை. நாளன்று காலையில் மணப்பெண் தயாராகிக்கொண்டிருப்பாள், அவளுடைய அக்கா அவளோடு இருப்பாள், பெற்றோர் வாசலில் நிற்பார்கள், உதவுவதாகச் சொன்ன தோழிகள் புகைப்படத்திற்கு நிற்பார்கள்.

அந்தக் கேள்வியை வைத்தே நோட்டு முழுவதையும் இரண்டாகப் பிரித்தோம். முன்கூட்டியே செய்து முடித்து, பெட்டியில் அடைத்து, மூலையில் வைத்தாலும் கெடாத வேலைகள் எங்களுக்கு. நாளன்றோ அதற்கு முந்தைய நாளோ மட்டுமே செய்யக்கூடிய வேலைகள், எவ்வளவு எளிமையாகத் தெரிந்தாலும், பிளானருக்கு. தங்கைக்குப் பூ கட்டுவதில் நல்ல கை உண்டு, ஆனாலும் உயிர்ப்பூ பிளானர் பக்கம் போனது. எனக்கு அச்சு வேலை தெரியாது, ஆனாலும் அழைப்பிதழ் எங்கள் பக்கம் வந்தது, ஏனென்றால் தெரியாததைக் கற்றுக்கொள்ள அதில் நேரம் இருந்தது.

பணத்தைப் பற்றிப் பேசும்போது பலர் செய்வது, மனத்தில் ஒரு தொகையை வைத்துக்கொண்டு பிளானரிடம் அதைவிடக் குறைவாகச் சொல்வது. பேரத்திற்கு இடம் வைக்கிறோம் என்று நினைப்பு. விளைவு, குறைந்த தொகைக்கு ஏற்ற இடங்களையும் ஆட்களையும் அவர் காட்டுகிறார், நமக்கு எதுவும் பிடிப்பதில்லை, பிறகு கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றிக்கொண்டே போய், எங்கே நிறுத்துவது என்று இருவருக்கும் தெரியாமல் போகிறது. நாங்கள் உண்மையான உச்சத் தொகையைச் சொன்னோம். ஆனால் அதில் 10 விழுக்காட்டை முதலிலேயே தனியாக எடுத்து வைத்து, இது எதிர்பாராத செலவுக்கு, திட்டத்தில் இதைத் தொடக் கூடாது என்றும் சொல்லிவிட்டோம். மீதியை ஒரு எக்செல் ஷீட்டில் போட்டு, மதிப்பிட்டது, பேசி முடித்தது, கொடுத்தது, பாக்கி என்று நான்கு பத்திகள் வைத்து, பிளானரும் நானும் ஒரே ஷீட்டைப் பார்த்தோம். தனித்தனிக் கணக்கு வைத்திருந்தால் யார் யாருக்கு முன்பணம் போனது என்பதிலேயே சண்டை வந்திருக்கும்.

அந்த ஷீட்டில் பளிச்சென்று தெரிந்த ஒன்று, கைவேலையால் குறையும் செலவு எல்லாம் சேர்ந்தாலும் விருந்தினர் பட்டியலைக் குறைப்பதற்கு ஈடாகாது என்பது. தலைக்கு இவ்வளவு என்று ஏறும் செலவுகளும், எத்தனை பேர் வந்தாலும் மாறாத செலவுகளும் தனித்தனி. மேடையும் ஒலிபெருக்கியும் புகைப்படக்காரரும் இரண்டாவது வகை. சாப்பாடு, நாற்காலி, பரிசுப் பை எல்லாம் முதல் வகை. ஒரு மேசைக்கு 10 பேர் என்றால், பட்டியலில் 10 பெயர் கூடும்போது ஒரு மேசை, ஒரு விரிப்பு, ஒரு பூப்புட்டி, 10 பெயர் அட்டை எல்லாம் சேர்ந்து கூடுகின்றன. தங்கை இரவெல்லாம் காகிதப் பூ மடித்து மிச்சம் பிடிப்பதை, யாரோ ஒருவர் தொலைபேசியில் சேர்க்கச் சொல்லும் ஒரு குடும்பம் அரை நிமிடத்தில் தின்றுவிடும். அதனால் பட்டியலை முடித்து மூடிய பிறகே கைவேலைக்குப் பொருள் வாங்க வேண்டும்.

அழைப்பிதழ்தான் நாங்கள் முழுமையாகக் கையில் எடுத்த வேலை. முதலில் எண்ணிக்கை. விருந்தினர் எத்தனை பேரோ அத்தனை அழைப்பிதழ் என்று கணக்குப் போடுவது வழக்கமாக நடப்பது. ஒரு வீட்டிற்கு ஒன்று போதும் என்பதால் உண்மையான தேவை பெரும்பாலும் அதில் பாதிக்கும் கீழே வந்துவிடும். அடுத்தது அளவு. காகிதத்தை அழகுக்காக விருப்பப்படி வெட்டிவிட்டால் அதற்கேற்ற உறை கிடைக்காமல், உறையையும் தனியாகச் செய்யச் சொல்ல நேரும். ஏ5 தாளை, அதாவது 148-க்கு 210 மில்லிமீட்டர் தாளை, நடுவில் மடித்தால் ஏ6 ஆகும். அதற்கென்றே சி6 உறை, 114-க்கு 162 மில்லிமீட்டரில், கடையில் ஆயத்தமாகக் கிடைக்கிறது. வடிவமைப்பு முழுவதையும் இந்த அளவுக்குள் அடக்கியதில் உறைச் செலவு மிகவும் இறங்கிவிட்டது.

காகிதத்தின் கனம் ஜிஎஸ்எம் கணக்கில், அதாவது ஒரு சதுர மீட்டர் தாள் எத்தனை கிராம் என்று, சொல்லப்படுகிறது. சாதாரண நகல் தாள் 70 முதல் 80. அழைப்பிதழ் கையில் நிமிர்ந்து நிற்க 250-க்கு மேல் வேண்டும். அந்தக் கனத்தை வீட்டுப் பிரிண்டர் பலவும் இழுக்காது, பாதியில் சிக்கிக்கொள்ளும். எனவே வடிவமைப்பை நாங்கள் செய்து, அச்சை மட்டும் அச்சகத்தில் கொடுத்தோம். அங்கே கேட்டவை மூன்று: படங்கள் 300 டிபிஐ-யில், அதாவது ஓர் அங்குலத்திற்கு 300 புள்ளி என்ற கணக்கில் இருக்க வேண்டும், வெட்டுக்கோட்டைத் தாண்டி நான்கு பக்கமும் 3 மில்லிமீட்டர் நிறம் நீண்டிருக்க வேண்டும், நிறங்கள் அச்சின் நான்கு மைகளுக்கான சிஎம்ஒய்கே முறையில் இருக்க வேண்டும். மூன்றாவதைக் கவனிக்காவிட்டால் திரையில் ஒளிரும் நீலமும் பச்சையும் தாளில் மங்கித்தான் வரும், ஏனென்றால் திரை ஒளியால் காட்டும் நிறங்கள் எல்லாவற்றையும் மையால் கொண்டுவர முடியாது. முழு எண்ணிக்கைக்கு முன் ஒரே ஒரு மாதிரி அச்சடித்துப் பார்க்க அச்சகம் கூடுதலாகக் கேட்டால் கொடுத்துவிடலாம், அது வீண் செலவே அல்ல.

மடிப்பு வீட்டில் நடந்தது. கனமான தாளுக்கு இழை ஓடும் திசை ஒன்று உண்டு. இழையின் போக்கிலேயே மடித்தால் கோடு வழுவழுப்பாக விழும், குறுக்கே மடித்தால் விளிம்பில் வெடித்து உள்வெள்ளை தெரியும். தாளை மெதுவாக இரண்டு பக்கமாகவும் வளைத்துப் பார்த்தால், எந்தப் பக்கம் எளிதில் வளைகிறதோ, அந்த வளைவில் விழும் மடிப்புக் கோடே இழையின் போக்கு. அச்சகத்தில் தாளை அந்தக் கணக்கில் வைத்து அடிக்கச் சொன்னோம். அளவுகோலை வைத்து மை தீர்ந்த பேனாவின் முனையால் ஒரு கோடு அழுத்தி இழுத்துவிட்டு மடித்தபோது, கடையில் செய்தது போலவே இருந்தது. தங்கையும் மாப்பிள்ளையும் எதிரெதிரே உட்கார்ந்து ஒருவர் கோடு இழுக்க மற்றவர் மடித்த அந்த மாலை நேரங்கள்தான், கைவேலையை முற்றிலும் விட்டுவிட்டிருந்தால் இழந்திருக்கக் கூடியவை என்று எனக்குத் தோன்றுகிறது.

ஒரு பொருளை நாமே செய்வது மலிவா என்று பார்க்கும்போது மூலப்பொருளின் விலையை மட்டும் பார்க்கக் கூடாது. பாழாகும் தாள், மாதிரிக்குப் போனது, இதற்காகவே வாங்கும் கட்டர், பசைத் துப்பாக்கி, செய்ததை வைக்க இடம், எடுத்துச் செல்ல வண்டி எல்லாம் சேர வேண்டும். பரிசுப் பையை அப்படிக் கணக்குப் போட்டபோது, ஆயத்தமாக வாங்குவதே மலிவு என்று தெரிந்தது. பையை வாங்கிவிட்டு, அதில் கட்டும் சிறிய பெயர்ச்சீட்டை மட்டும் நாங்கள் செய்தோம். விருந்தினரின் கண் அந்தச் சீட்டில்தான் நின்றது. எதையும் அடியிலிருந்து செய்ய வேண்டியதில்லை. வாங்கிய பொருளில் நம் கை படும் ஒரு இடம் போதும்.

உயிர்ப்பூக்களை ஏன் விட்டுக்கொடுத்தோம் என்று தங்கை வெகுநாள் குறைபட்டுக்கொண்டிருந்தாள். வெட்டிய பூக்கள் வந்தவுடன் காம்பைச் சாய்வாக மறுபடி வெட்டி, தண்ணீரில் மூழ்கும் இலைகளை நீக்கி, சில மணி நேரமாவது சுத்தமான தண்ணீரில் குளிர்ந்த இடத்தில் நிறுத்த வேண்டும். அத்தனை வாளிகளுக்கு வீட்டில் இடம் கிடையாது. குளிர்சாதனப் பெட்டியில் வைக்கலாம் என்றால், அங்கே இருக்கும் பழுத்த பழங்கள் எத்திலீன் என்ற வாயுவை வெளியிடும், அது பல பூக்களைச் சீக்கிரம் வாடவும் உதிரவும் வைக்கும். இத்தனையும் நடக்க வேண்டியது திருமணத்திற்கு முந்தைய நாள், அவள் தூங்க வேண்டிய இரவில். மேடைத் திரையைப் பூக்காரரிடம் விட்டுவிட்டு, அளவைப் பாதியாகக் குறைத்துக்கொண்டோம். எந்த நிறம், எந்த வடிவம் என்பதை அவள் வரைந்து கொடுத்தாள், அன்றைய சந்தையில் எது நன்றாக இருக்கிறதோ அதை வைத்துக் கட்டும் உரிமையை அவருக்கு விட்டோம். குறிப்பிட்ட ஒரு பூவின் பெயரைச் சொல்லிப் பிடிவாதம் பிடித்தால் விலை எப்படி ஏறும் என்பதை அந்தப் பூக்காரரே எடுத்துச் சொன்னார்.

காகிதப் பூப்புட்டிகளுக்கு எங்கள் பிளானர் போட்ட கணக்கை அப்படியே சொல்கிறேன். ஒரு மேசையில் பெட்டியைத் திறந்து, புட்டியை வைத்து, பூவைச் சரிசெய்து, எண் பலகையை நிறுத்த 5 நிமிடம். 30 மேசை என்றால் 150 நிமிடம், ஒருவர் செய்தால் இரண்டரை மணி நேரம். மண்டபம் நம் கைக்கு வரும் நேரமும் விருந்தினர் வரத் தொடங்கும் நேரமும் எவ்வளவு இடைவெளி என்பதை அதன் பக்கத்தில் எழுதிப் பார்த்தால், எத்தனை ஆட்கள் வேண்டும் என்பது தானாகத் தெரியும். அந்த ஆட்கள் அவருடைய குழுவினர்தான் என்று ஒப்பந்தத்தில் எழுதிக்கொண்டோம். நாங்கள் செய்தது, ஒவ்வொரு மேசைக்கும் ஒரு பெட்டி என்று பிரித்து, மேலே மேசை எண்ணை எழுதி, உள்ளே முடிந்த அலங்காரத்தின் புகைப்படம் ஒன்றை வைத்தது. எதையும் விளக்கிச் சொல்ல யாரும் அங்கே நிற்க வேண்டியிருக்கவில்லை. எல்லாப் பெட்டிகளையும் திருமணத்திற்கு ஒரு வாரம் முன்பே அவரிடம் கொடுத்துவிட வேண்டும், அதற்குள் முடியாதது எதுவோ அது இல்லாமலேயே திருமணம் நடக்கும் என்றும் பேசிக்கொண்டோம். தோரணம் முடியவில்லை, விட்டுவிட்டோம். யாரும் தேடவில்லை.

பெயர் அட்டைகளில் ஒரு விஷயம். விருந்தினர் இருக்கைகள் கடைசி நாள் வரை மாறிக்கொண்டே இருக்கும். பெயர்களை ஒரே பலகையில் வரிசையாக எழுதிவிட்டால் ஒரு மாற்றத்திற்குப் பலகையே பாழ். பலகையில் சின்னச் சின்ன அட்டைகளைப் பெயர்த்து ஒட்டும் வகையில் வைத்து, வெற்று அட்டைகள் சிலவற்றையும் அதே பேனாவையும் பிளானரின் பையில் போட்டு வைத்தோம். காலையில் அவர் உண்மையாகவே அதை எடுத்து எழுதினார், கையெழுத்துச் சற்று வேறு, அவ்வளவுதான்.

சுவரில் ஆணி, ஒட்டுநாடா, திறந்த மெழுகுவத்தி, வெளியிலிருந்து கொண்டுவரும் விளக்குச்சரம் ஆகியவற்றுக்கு மண்டபத்தில் என்ன விதி என்பதை எழுத்தில் வாங்கிய பிறகே அலங்காரப் பொருள் வாங்குவது நல்லது. ஒரு நீட்டிப்புப் பலகையில் இன்னொன்றைச் செருகி விளக்கு போடுவது ஆபத்து. மின்வேலை எதுவானாலும் கைவேலைப் பட்டியலில் அதற்கு இடமே இல்லை. புகைப்படமும் அப்படித்தான், மறுபடி எடுக்க முடியாத ஒன்றை, படம் எடுக்கத் தெரிந்த நண்பரின் அன்பை நம்பி விடக் கூடாது. பாடல் வரிசையை மட்டும் நாமே தொகுத்து, இணையம் இல்லாமலும் ஓடும்படி கோப்பாகக் கொடுத்துவிடலாம்.

ஒப்பந்தத்தை அப்பா வரி வரியாகப் படித்தார், அதற்கு நான் இன்றும் நன்றி சொல்கிறேன். நாளன்று பிளானரின் குழுவில் எத்தனை பேர் இருப்பார்கள், அவர் வர முடியாமல் போனால் யார் வருவார், நேரம் நீண்டால் மணிக்கு எவ்வளவு, நாங்கள் கொடுத்த பொருள் உடைந்தால் யார் பொறுப்பு என்று ஒவ்வொன்றையும் கேட்டு எழுத வைத்தார். பூக்காரர், சமையல்காரர், புகைப்படக்காரர் ஆகியோருடனான ஒப்பந்தங்கள் பிளானரின் பெயரில் இல்லாமல் எங்கள் பெயரிலேயே இருக்க வேண்டும் என்றும் வலியுறுத்தினார். நடுவில் பிளானரோடு பிரிய நேர்ந்தாலும் அந்த ஏற்பாடுகளும் முன்பணமும் நம்மோடு நிற்கும். பிளானரிடம் பேசுவது ஒருவர் மட்டுமே என்பதும் அப்பாவின் நிபந்தனைதான். வீட்டில் எத்தனை கருத்து இருந்தாலும் அது என் வழியாகத்தான் போனது. சித்தி ஒருவர் நேரடியாகத் தொலைபேசியில் கூப்பிட்டு மேசை விரிப்பின் நிறத்தை மாற்றச் சொன்னபோது, அக்காவிடம் கேட்டுவிட்டுச் சொல்கிறேன் என்று பிளானர் பணிவாகச் சொல்லிவிட்டார்.

பிளானர் சொன்ன எல்லாவற்றையும் நாங்கள் ஏற்கவும் இல்லை. வழக்கமாக வேலை செய்யும் அழைப்பிதழ்க் கடையையும் வாடகைப் புட்டிகளையும் அவர் இரண்டு முறை பரிந்துரைத்தார். வேண்டாம் என்று சொன்னோம், அவரும் விட்டுவிட்டார். பொருள் எப்படி இருக்க வேண்டும் என்பதில் நம் விருப்பத்திற்கே முதலிடம். எப்போது, எந்த வரிசையில் நடக்க வேண்டும் என்பதில் அவர் சொல்லுக்குக் குறுக்கே நிற்பதில்லை என்று தங்கையிடம் முன்கூட்டியே சொல்லி வைத்திருந்தேன், அவளும் அதைக் காப்பாற்றினாள்.

வைப்பதற்கு ஆள் யார் என்று கேட்பவர்கள்கூடக் கழற்றுவதற்கு ஆள் யார் என்று கேட்க மறந்துவிடுகிறார்கள். மண்டபத்தைக் காலி செய்யும் நேரம் தாண்டினால் கூடுதல் வாடகை ஏறும், அந்த நேரத்தில் குடும்பத்தில் யாருக்கும் கை கால் ஓடாது. எந்தப் பொருள் வாடகைக்கு வந்தது, எது நம்முடையது, எது விருந்தினர் எடுத்துச் செல்லலாம் என்று ஒரே தாளில் எழுதிப் பிளானரின் குழுவிடம் கொடுத்திருந்தோம். காகிதப் பூப்புட்டிகளை மேசையில் இருந்தவர்களே எடுத்துச் செல்லலாம் என்று அறிவித்ததால், திரும்பிச் சுமக்க வேண்டிய பெட்டிகள் வெறுமையாக மடிந்தன. பிளானருக்குத் தர வேண்டிய கடைசித் தவணையை, வாடகைப் பொருட்கள் திரும்பிச் சேர்ந்து, அவற்றுக்குக் கட்டிய முன்பணம் எங்கள் கைக்கு வந்த மறுநாள் கொடுத்தோம். அப்படித்தான் ஒப்பந்தத்திலும் எழுதியிருந்தது.